கண்ணு கோணின கரடி

வேலம்பாளையம்,
8.11.93

ஏனுங்க,

எங்க கம்பெனி மெஸ்ஸுக்குத் தயிர் கொண்டாந்துட்டு ஊத்துக்குளி திரும்பற நஞ்சம்மாக்காகிட்டத்தான் இதைக் குடுத்தனுப்பறேன். அவங்களுக்கு அப்புறமாக் காப்பி வெச்சுக் குடுக்கலாம். மொதல்ல பாப்பா கையில இருக்கற கரடிப் பொம்மையை வாங்கி அலமாரி மேல வெச்சுட்டு வந்து மீதியைப் படிங்க.

வெச்சுட்டீங்களா?

இங்க நல்ல மழைங்க. சாப்பாடும் பரவாயில்லை. பொம்மைச் சரக்கு கப்பலுக்குப் போற வரைக்கும் லீவு கெடையாதுன்னு கேட்டைப் பூட்டிட்டாங்க. இல்லீனா நானே ஓடி வந்திருப்பேன்.

போன மாசம் கரடி தைக்கறப்ப என்ற மிசின்ல ஊசி ஒடைஞ்சுதுங்க. ஒடைஞ்ச துண்டையெல்லாம் பேப்பர்ல ஒட்டிக் காட்டினாத்தான் புது ஊசி குடுப்பாங்க. எவ்வளவு தேடியும் நுனி மட்டும் கெடைக்கலை. சூப்பர்வைசர் பேச்சுக்குப் பயந்துட்டு, டப்பாவுல கெடந்த பழைய ஊசி நுனியை ஒட்டிக் குடுத்துட்டேன். இங்க எல்லாரும் செய்யறதுதானுங்க.

அன்னைக்கு நான் தெச்சது அம்பது கரடி. இன்னைக்குச் சரக்கு அனுப்பறதுக்கு முந்தி, ஊசித் துண்டு ஏதாச்சும் இருக்குதான்னு அதுல நாப்பத்தொம்பதைக் காந்தம் வெச்சுத் தடவிப் பார்த்தாங்க. எதுலயும் ஒண்ணுமில்லைன்னு சூப்பர்வைசர் சிரிச்சாருங்க. நான் ஒடனே இந்த லெட்டரை எழுத ஒக்காந்துட்டேன்.

கண்ணு கோணிப் போச்சுன்னு அவங்க கழிச்ச ஒண்ணைத்தான் பாப்பாவுக்குக் குடுத்தனுப்பினேன்.

அதைக் கன்னத்துல அழுத்தி வெச்சுட்டுத்தான் தூங்கறான்னு போன லெட்டர்ல நீங்கதானுங்க எழுதியிருந்தீங்க.

இப்படிக்கு,
பாப்பாவோட அம்மா