எட்டு வரைக்கும் என் நேரம்

அக்டோபர் 16, வியாழன்.

இன்று குத்துச்சண்டை வகுப்பில் விழுந்துவிட்டேன். என்னைப்போன்ற பார்க்கின்சன் நோயாளிகளுக்கென்று, இங்கே அமெரிக்காவில், பிஸ்கட்டவே ஊரில் நடக்கும் வகுப்பு. தொங்கும் மணல்பையைக் குத்தும்போது கால் பின்னிவிட்டது. வலியைவிட, மகள் வித்யா இனி அனுப்பமாட்டாளே என்ற பயம்தான் பெரிதாக இருந்தது.

பயிற்சியாளர் டிரினிடாட்காரர், ஒரு காலத்தில் லைட் ஹெவிவெயிட் எடைப்பிரிவில் உலகச் சாம்பியன். அவர் என்னைத் தூக்கவில்லை. தானும் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தார். "அவசரப்படாதீங்க டீச்சர். சண்டையில விழுந்தா நடுவர் பத்து எண்ணுவார், அதுக்குள்ள எழுந்தா போதும். எட்டு வரைக்கும் அது உங்க நேரம்" என்றார். ஆறு வருடம் காத்த பட்டத்தை அவர் இழந்ததே அவசரத்தால்தானாம். விழுந்த வெட்கத்தில் இரண்டு எண்ணும்போதே எழுந்து, தள்ளாடி, அடுத்த அடியையும் வாங்கியிருக்கிறார். "எனக்குப் பட்டம் போச்சு. உங்களுக்கு இடுப்பெலும்பு போகும்!" என்று சிரித்தார்.

கணக்கு டீச்சராக இருந்தபோது, தடுமாறும் பிள்ளைகளுக்கு நான் எத்தனையோ உதாரணம் சொல்லியிருக்கிறேன். என் சொந்தத் தோல்வியை ஒருநாளும் சொன்னதில்லை. அவருக்கு அந்த மனம் இருந்தது. தமிழில் எண்ணினேன். எட்டில் முழங்காலை ஊன்றி எழுந்தேன்.

சாப்பிடும்போது வித்யா என் முழங்கைச் சிராய்ப்பைப் பார்த்துவிட்டாள்.

"என்னம்மா இது? எழுபத்தோரு வயசுல உனக்கு பாக்ஸிங் கேக்குதா?"

"விழுந்துட்டேன்டி."

"யாரு தூக்கினா?"

"யாரும் இல்ல. கோச் பக்கத்துல உட்கார்ந்து சொல்லிக்கொடுத்தார். நானேதான் எழுந்தேன்."

அவள் ஐஸ் எடுத்துவந்து ஒத்திவிட்டாள். "செவ்வாய்க்கிழமை கிளாஸுக்கு நானே டிரைவ் பண்றேன். அவருக்கு ஒரு தேங்க்ஸ் சொல்லணும்."

விழுந்தாலும் நல்ல மனிதர்கள் பக்கத்தில்தான் விழுந்திருக்கிறேன். கை ஆடுகிறது, எழுத்து கோடு தாண்டிப் போகிறது. இன்றைக்கு இது போதும்.