முதுகில் ஒன்றும் இல்லை

குற்றாலம்
ஜூன் 12

அன்புள்ள பரீதுக்கு,

பாலு எழுதுவது. நானும் ராமலட்சுமியும் பிள்ளையும் சுகமாக இருக்கிறோம். வேளாவேளைக்குச் சாப்பிடுகிறாயா என்று கேட்டால் ஆமாம் என்றுதான் எழுதுவாய், அதனால் கேட்கவில்லை. நாலு வருஷமாக சார்ஜாவில் துணி தேய்த்து நீ இளைத்துப்போனதை போட்டோவிலேயே பார்த்தாயிற்று.

போனில் பேச வேண்டாம் என்று நீ சொன்னது சரிதான். நம் சந்தோஷ்குமார் மச்சினனிடம் புது ஆட்சியைப் பற்றி ஏதோ சலித்துக்கொண்டானாம். மறுநாள் ஒழுங்குப் படைக்காரர்கள் அவனைக் கூப்பிட்டு, அவன் பேசியதை அவனுக்கே வாசித்துக் காட்டியிருக்கிறார்கள். முஃபீத் லீவு முடிந்து அங்கே திரும்புகிறான், அவன் கையில் இதைக் கொடுத்துவிடுகிறேன்.

சாரல் நன்றாக விழுகிறது. அருவிக்கரையில் உன் எண்ணெய்க்கடை இருந்த இடத்தில் இப்போது படையின் டோக்கன் மேசை. எண்ணெய் தேய்க்கிற நாங்கள் முப்பது பேரும் காலை ஆறரைக்கு வரிசையில் நின்று உறுதிமொழி சொல்ல வேண்டும். சங்கத்தைக் கலைத்துவிட்டு ஆளுக்கு ஓர் அட்டை கொடுத்தார்கள். கழுத்திலேயே கிடக்க வேண்டுமாம். எண்ணெய் பட்டு என் போட்டோ இரண்டாம் நாளே ஆள் அடையாளம் தெரியாமல் ஆகிவிட்டது. நீ சிரிப்பாய். ஆனால் ஒன்று, என் கிராக்கி உன் கிராக்கி என்ற பழைய அடிதடி இல்லை. சுப்பு அண்ணாச்சி, "யாரு ஆண்டா என்னலே, முதுகு முதுகுதான" என்று சொல்லுகிறார். எனக்கும் அப்படித்தான் படுகிறது.

எனக்கு ஒரு யோகம் அடித்திருக்கிறது. ஐந்தருவிக்குப் போகிற பாதையில் ஒரு லாட்ஜைப் படை எடுத்துக்கொண்டது. அங்கே இருக்கும் அதிகாரிக்கு வலது தோளில் பிடிப்பு. தினமும் காலையில் நான்தான் போய்த் தேய்த்துவிடுகிறேன். தோள்பட்டைக்குப் பின்னால் எலுமிச்சங்காய் கணக்காக ஒரு முடிச்சு. மரம் வெட்டுகிறவனுக்கு வருகிற பிடிப்பு அது. ஆனால் உள்ளங்கையில் காய்ப்பே இல்லை. என்ன வேலை பார்த்து வந்ததோ, எனக்குப் பிடிபடவில்லை. நல்ல மனுஷன்தான், போனதும் காப்பி கொடுக்கச் சொல்லுவார்.

கடையநல்லூரில் உன் உம்மாவைப் பார்த்தேன். தம்பி ஹுஸைஃபா தறிக்குப் போய் வருகிறான். ஒழுங்காகப் பதில் போடு.

உன்
பாலு


சார்ஜா
ஜூன் 27

அன்பு பாலு,

முஃபீத் கொண்டுவந்த கடிதத்தை மோந்து பார்த்தேன். நல்லெண்ணெய் வாசம் அடித்தது. ரூமில் எல்லோரும் வாங்கி வாங்கி மோந்தார்கள். கெட்டுப்போகாத தின்பண்டம் ஏதாவது உன்னால் கொடுத்துவிட முடியாதா?

எங்கள் ரூமிலும் ரெண்டு பேர் புது ஆட்சியை ஆகா ஓகோ என்கிறார்கள். ஊர் சுத்தமாக இருக்கிறதாம், பஸ் நேரத்துக்கு வருகிறதாம். நான் வாயைத் திறப்பதில்லை. என் வீடு அங்கே இருக்கிறது.

அந்த அதிகாரியின் தோளைப் பற்றி எழுதியிருந்தாய். எனக்கும் வலது தோள்தான் வலி. ஆனால் அயர்ன் பெட்டிக்காரனுக்கு முன்பக்கம் வலிக்கும் என்று நீயே சொல்லியிருக்கிறாய். பின்பக்கம் முடிச்சு விழுந்தால் அது கையை ஓங்கி ஓங்கி விழுந்தது. கையில் காய்ப்பும் இல்லை என்றால் அது என்ன வேலை என்று உனக்குத் தெரியவில்லையா, இல்லை தெரிய வேண்டாம் என்று இருக்கிறாயா?

கோபித்துக்கொள்ளாதே. உன் பிழைப்பு எனக்குப் புரியாதா. ஹுஸைஃபாவைத்தான் நினைத்துப் பயப்படுகிறேன். ஞாயிற்றுக்கிழமை கூலியில்லாமல் 'நாட்டுக்கு ஒரு நாள்' தறி ஓட்டச் சொல்கிறார்களாம், அவன் மாட்டேன் என்கிறானாம். நீ ஒரு எட்டு போய் அவன் வாயை அடக்கச் சொல். நான் சொன்னால் கேட்கமாட்டான். உன் சொல்லைக் கேட்பான்.

உன் பரீது


குற்றாலம்
ஜூலை 9

அன்புள்ள பரீதுக்கு,

இதை எப்படி எழுதுவது என்று தெரியாமல் மூன்று தாள் கிழித்துவிட்டேன். நான் போவதற்கு முந்தின நாளே ஹுஸைஃபாவைக் கூட்டிக்கொண்டு போய்விட்டார்கள். தறியை நிறுத்திவிட்டு வெளியே வந்து உட்கார்ந்திருக்கிறான், அவ்வளவுதான். கூட இருந்த பதினொரு பேரும் உள்ளேயே தறி ஓட்டிக்கொண்டு இருந்தார்களாம். அவர்களைக் குறை சொல்ல எனக்கு யோக்கியதை இல்லை.

அவன் அந்த லாட்ஜில்தான் இருக்கிறான். உம்மா தினமும் கடையநல்லூரிலிருந்து முதல் பஸ்ஸில் வந்து வாசலில் நிற்கிறார்கள். குடை கிடையாது, சாரலில் நனைந்துகொண்டே நிற்கிறார்கள். நான் பின்பக்கக் கதவு வழியாகப் போய் வருகிறேன். முன்பக்கம் போனால் அவர்கள் முகத்தைப் பார்க்க வேண்டும். திட்டு, வாங்கிக்கொள்கிறேன்.

அதிகாரி நல்ல முகத்தோடு இருக்கிற நேரம் பார்த்து நான் கேட்கிறேன். நான் இருக்கிறேன், கவலைப்படாதே.

பாலு


சார்ஜா
ஜூலை 15

பாலு,

நேரம் பார்க்காதே. அந்த ஆள் தினமும் அரைமணி நேரம் உன் கைக்குக் கீழே கிடக்கிறான். நம் ஊரில் வேறு யாருக்கும் அந்த வாய்ப்புக் கிடையாது. ஒரு வார்த்தை, "என் சிநேகிதன் தம்பி" என்று ஒரே ஒரு வார்த்தை சொல்லிவிடு.

உம்மா ஒரு வக்கீலம்மாவைப் பிடித்திருக்கிறார்கள், உமா மகேஸ்வரி என்று பேர். தைரியசாலியாம். எனக்கு லீவு தரமாட்டேன் என்கிறார்கள். வந்தாலும் ஏர்போர்ட்டிலேயே என்னைப் பிடித்துக்கொள்வார்கள் என்று வக்கீலம்மா சொல்லுகிறார். இங்கே நின்று ஊரான் சட்டையைத் தேய்த்துக்கொண்டு இருக்கிறேன் பாலு. எனக்கு உன்னைத் தவிர அங்கே யார் இருக்கிறார்கள்.

பரீது


குற்றாலம்
ஜூலை 28

அன்பு பரீது,

முதலில் நல்ல செய்தி. ஹுஸைஃபாவைப் பார்த்துவிட்டேன். பார்த்தது மட்டுமில்லை, எட்டு நாளாக என் கையால் அவனைக் கவனித்தேன்.

கேட்டுவிட வேண்டும் என்றுதான் அன்றைக்குப் போனேன். கேட்காமலே தேய்த்து முடித்துவிட்டேன். ஆனால் அதிகாரியே எழுந்து சட்டையைப் போட்டுக்கொண்டு, "ஒரு ஆளுக்கு வீக்கம் இருக்கு, வந்து பாரு" என்று பின்கட்டுக்குக் கூட்டிப்போனார். ஒருவன் குப்புறக் கிடந்தான், தலையில் துணி போட்டு மூடியிருந்தார்கள். முதுகைப் பற்றி உனக்கு எழுதமாட்டேன். இடுப்புக்கு மேலே பிறை மாதிரி ஒரு பழைய தழும்பு. பன்னிரண்டு வயசில் பழைய குற்றாலத்துப் பாறையில் வழுக்கி விழுந்தானே, நீயும் நானும் உன் வேட்டியைக் கிழித்துக் கட்டுப் போட்டோமே, அந்தத் தழும்பு. "வெள்ளிக்கிழமைக்கு அடுத்த வெள்ளி கோர்ட்டு, அதுக்குள்ள சரியாகணும்" என்றார் அதிகாரி.

காவலுக்கு ஒருவன் கதவருகே நின்றான். நான் பேசவில்லை. ஆனால் கையை வைத்ததும் நான்தான் என்று அவனுக்குத் தெரிந்துவிட்டது. "அண்ணாச்சி, தடவாதீங்க. அப்படியே கிடக்கட்டும், விட்டுருங்க" என்று துணிக்குள்ளிருந்து சொன்னான். வலியில் யாரும் அப்படித்தான் சொல்லுவார்கள், எத்தனை பேரைப் பார்த்திருக்கிறேன். "கொஞ்சம் பொறுத்துக்கோ ராசா" என்று மெதுவாகச் சொன்னேன். ரெண்டாம் நாளும் சொன்னான். மூன்றாம் நாளிலிருந்து சொல்லவில்லை.

செங்கோட்டைக்குப் போய் மலையாளத்து வைத்தியசாலையில் நல்ல முறிவெண்ணெய் வாங்கி வந்தேன். நொச்சி இலையை வதக்கி ஒத்தடம் கொடுத்தேன். காலையில் அதிகாரியின் தோள், மத்தியானம் இவன் முதுகு. அதை யோசித்தால் கை ஓடாது, அதனால் யோசிக்கவில்லை. பரீது, என் ஆயுசில் யாருக்கும் இவ்வளவு பார்த்துப் பார்த்துத் தேய்த்ததில்லை. எட்டாம் நாள் வீக்கமெல்லாம் வடிந்து, கன்றிப்போன நிறமும் போய், தோல் பழையபடி ஆகிவிட்டது. ஒரு தடம் கிடையாது. அதிகாரியே வந்து பார்த்து, "கைராசிக்காரன்யா நீ" என்றார்.

என்னால் முடிந்தது இதுதான். நாளைக்குக் கோர்ட். நல்லபடியாக வீடு வந்து சேர்வான் என்று என் மனசு சொல்லுகிறது. இனிமேல் நீ நிம்மதியாகத் தூங்கு.

உன்
பாலு


சார்ஜா
ஆகஸ்ட் 11

பால்வண்ணநாதனுக்கு,

உன் கடிதம் லீவு முடிந்து வந்த அஃப்சல் கையில் வந்தது. அதற்கு முன்பே செய்தி வந்துவிட்டது.

கோர்ட் என்று ஒன்றை இன்னும் பேருக்கு வைத்திருக்கிறார்கள். பழைய விதிகளில் ஒன்றே ஒன்றுதான் அதில் மிச்சம். பிடித்துவந்தவன் உடம்பில் காயம் இருந்தால் ஆஸ்பத்திரிக்குத்தான் அனுப்ப வேண்டும், முகாமுக்கு அனுப்பக்கூடாது. வக்கீலம்மா நம்பியிருந்தது அதைத்தான். அடித்தார்கள் என்று அவன் சொன்னான். சட்டையைக் கழற்றச் சொன்னார் நீதிபதி. கழற்றினான். முன்னும் பின்னும் திரும்பி நிற்கச் சொன்னார்கள். "முதுகில் ஒன்றும் இல்லை" என்று எழுதிக்கொண்டார்கள். பொய் சொன்னதற்கும் சேர்த்து மூன்று வருஷம். அன்றைக்கே வடக்கே எந்த முகாமுக்கோ ஏற்றிவிட்டார்கள். எந்த ஊர் என்று சொல்லமாட்டேன் என்கிறார்கள்.

எதற்காக எட்டு நாள் காத்திருந்தார்கள் என்று நீ யோசிக்கவில்லை. எதற்காக ஒரு கைதிக்கு எண்ணெய் தேய்க்க ஆள் கூப்பிடுகிறார்கள் என்று யோசிக்கவில்லை. தடவாதீங்க என்று அவன் வலியில் சொல்லவில்லை. அவனிடம் இருந்த ஒரே சாட்சியை உன்னிடம் கெஞ்சிக் கேட்டான்.

நீ அன்பாகத்தான் செய்தாய் என்று எனக்குத் தெரியும். அதுதான் தாங்க முடியவில்லை. வேறு எவனாவது கூலிக்குத் தடவியிருந்தால் பாதித் தடமாவது மிஞ்சியிருக்கும்.

நீ தடவியதை உம்மாவுக்கு இன்னும் சொல்லவில்லை. பாலு உள்ளே போய் வருகிறான், பார்த்துக்கொள்வான் என்றே அவர்கள் இருந்தார்கள். இனி எனக்கு எழுத வேண்டாம்.

பரீது


குற்றாலம்
ஆகஸ்ட் 28

பரீதுக்கு,

எழுத வேண்டாம் என்றாய். இந்த ஒன்றைப் படித்துவிட்டுக் கிழித்துப் போடு. முழுப்பேர் சொல்லி நீ என்னைக் கூப்பிட்டது இதுதான் முதல் தடவை. ராமலட்சுமி கடிதத்தைப் பார்த்துவிட்டு, யாரோ ஆபீஸ்காரர்கள் போட்டதென்று நினைத்துவிட்டாள்.

நான் லாட்ஜுக்குப் போவதை நிறுத்திவிட்டேன் என்று எழுத ஆசைதான். நிறுத்தவில்லை. அட்டையைப் பிடுங்கிவிடுவார்கள் என்ற பயம். தினமும் அந்தத் தோளைத் தேய்க்கிறேன். எலுமிச்சங்காய் கரைந்துவிட்டது, இப்போது கை லேசாக இருக்கிறதாம். சுப்பு அண்ணாச்சியிடம் ஒருநாள் நடந்ததைச் சொன்னேன். "எங்கிட்ட எதுக்குலே சொல்லுத, நான் ஒண்ணும் கேக்கல" என்று எழுந்து போய்விட்டார்.

பத்து நாளைக்கு முன்னால் மறுபடியும் பின்கட்டுக்குக் கூப்பிட்டார்கள். இன்னொரு முதுகு. யாரென்று தெரியாது, நரைத்த மயிர், வயசான ஆள். கதவருகே நின்றவன் பீடி பற்ற வைக்க வெளியே போன நேரத்தில் குனிந்து கேட்டேன், "தடவட்டுமா, வேண்டாமா?" அவர் வேண்டாம் என்று தலையை ஆட்டினார்.

நான் தடவவில்லை. வாசம் வரட்டும் என்று முறிவெண்ணெயைத் தரையில் கொஞ்சம் ஊற்றிவிட்டு, முதுகுக்கு மேலே கையைச் சும்மா ஓட்டிக்கொண்டு இருந்தேன். ஒன்பது நாளும் அப்படித்தான். எண்ணெய் தேய்க்காமல் ஒரு முதுகுக்குப் பக்கத்தில் உட்காருவது எவ்வளவு கஷ்டம் என்று உனக்கு எழுதினால் புரியாது. அவர் பல்லைக் கடித்துக்கொண்டு கிடந்தார். நேற்று அதிகாரி எட்டிப் பார்க்க வந்தபோது, பச்சிலைப் பத்து போட்டிருக்கிறேன், கோர்ட்டு அன்றைக்குக் காலையில்தான் பிரிக்க வேண்டும் என்று சொல்லித் துணியை மூடிவிட்டேன்.

நாளைக்குக் கோர்ட். சட்டையைக் கழற்றச் சொல்லுவார்கள். அப்போது எல்லோருக்கும் தெரிந்துவிடும். இதனால் ஹுஸைஃபா வரப்போவதில்லை, அது எனக்குத் தெரியும். தைரியம் வந்து செய்ததாக நினைக்காதே. ராமலட்சுமியைப் பிள்ளையோடு கடையத்தில் அவள் அக்கா வீட்டுக்கு அனுப்பிவிட்டேன், கல்யாண வீடு என்று சொல்லி.

நீ பதில் போட வேண்டாம். போட்டாலும் வாங்குவதற்கு நான் இங்கே இருப்பேனோ என்னவோ.

உம்மா இன்றைக்கும் வாசலில் நிற்கிறார்கள். அவனை வடக்கே கொண்டுபோய்விட்டார்கள் என்று சொல்லியும் நம்பவில்லை. இன்றைக்கு முன்வாசல் வழியாகப் போனேன். என்னைப் பார்த்ததும், "எம் பிள்ளைக்கு நீதான் எண்ணெய் தேச்சு விட்டியாமே, நல்லா இருப்பே ராசா" என்று என் ரெண்டு கையையும் பிடித்துக் கண்ணில் ஒற்றிக்கொண்டார்கள். யார் சொன்னார்களோ. கையை விடுவித்துக்கொண்டு உள்ளே போய்விட்டேன்.

உம்மாவிடம் நீ சொல்லிவிடு பரீது. அவன் வேண்டாம் என்றுதான் சொன்னான். நான்தான் கேட்கவில்லை.

பாலு