கலவாய்த் தொட்டியில் ஆண் இல்லை

10 யூன் 2024, திங்கள்

மிதக்குது! காலமை வலைத்துணியைத் தூக்கிப் பார்த்தால் முட்டை முழுக்க மேலை. கரு பிடிச்ச முட்டைதான் மிதக்கும், பிடிக்காதது அடியிலை போய்க் கிடக்கும். என்ரை கலவாய் மீன்கள் என்னைக் கைவிடேல்லை.

நாலு வருசம். கண்டல் வேருக்குள்ளை கூடு வைச்சு என்ரை மனிசன் வின்சன்ற் பிடிச்சுத் தந்த விரலளவு குஞ்சுகள், இண்டைக்கு ஏழு தாய். ஆண் ஒண்டுதான். அது மட்டும் நான் வளர்த்ததில்லை. அவர் கால் நல்லா இருந்த காலத்திலை, தூரக்கடல் கல்லுப் பாரிலை தூண்டில் போட்டுப் பிடிச்சது.

தொட்டியும் பம்பும் தந்த மீன்குஞ்சுத் திட்டத்துக்குப் பொறுப்பான சுபாஸ்கரன் சேருக்கு ரெலிபோன் எடுத்துச் சொன்னன். சந்தோசம்தான், ஆனா செப்ரெம்பர் முடியிறதுக்குள்ளை உயிரோடை குஞ்சு காட்ட வேணுமாம். இல்லாட்டித் தொட்டி, பம்பு எல்லாத்தையும் கழட்டி வேறை ஊருக்குக் கொண்டு போயிடுவினம்.

தொட்டி போனால் இந்த மனிசன் திரும்பவும் சிலிண்டரைக் கட்டிக்கொண்டு கடலட்டை பிடிக்க இறங்குவார். போன வருசம் ஆழத்திலையிருந்து கெதியா ஏறித்தான் இடக்கால் இழுபடுது. இன்னொருக்கா இறங்கினால் ரண்டு காலும் போயிடும் எண்டு டொக்டர் என்ரை முகத்தைப் பார்த்துச் சொன்னவர். இவரின்ரை முகத்தைப் பார்த்துச் சொல்லேல்லை. இவர் கேக்க மாட்டாரெண்டு டொக்டருக்கும் விளங்கியிருக்கு.

14 யூன், வெள்ளி

ஐயோ கடவுளே.

பருத்தித்துறையிலை தங்கச்சி வீட்டை ரண்டு நாள் நிண்டிட்டு இண்டைக்கு வந்தன். தொட்டியிலை எண்ணினால் ஏழு. திரும்ப எண்ணினன். ஏழுதான். பெரிசைக் காணேல்லை.

நேற்று அந்தோனியார் திருநாள். முட்டை போட்டால் தொட்டியிலை பெரிய மீனைத் தாறன் எண்டு இந்த மனிசன் நேர்த்தி வைச்சிருந்திருக்கிறார், எனக்கு ஒரு சொல்லுச் சொல்லாமல். கோயில் வாசலிலை ஏலம் விட்டு, குழம்பும் வைச்சு முடிஞ்சுது.

"நேர்ந்ததைக் குடுக்காமல் விடலாமே? அது முட்டை போடாததுதானே மார்கிரட், மலடு. உன்ரை தாய் மீன் ஒண்டிலும் நான் கை வைக்கேல்லை."

"அதுதான் ஆம்பிளை!"

"அப்ப இந்த ஏழுக்குள்ளை ஒரு ஆம்பிளையும் இல்லையோ?"

இல்லை. கலவாய் எல்லாம் பெட்டையாத்தான் பிறக்கிறது. வளர்ந்து பெருத்த பிறகுதான் ஒண்டிரண்டு ஆணா மாறும். இதைச் சொன்னால் வாயைப் பிளந்துகொண்டு நிக்கிறார். நாலு வருசமா ஒரே தொட்டியிலை இறைக்கிறம், இதை நான் இவருக்குச் சொல்லவே இல்லையோ?

15 யூன், சனி

பொரிச்ச குஞ்சும் செத்துப்போச்சு. வாய் திறந்ததும் அந்த ஊசி வாய்க்குள்ளை போற மாதிரித் தீனி வேணும். நான் குடுத்தது பெரிசு. இது என்ரை பிழை, வேறை ஆரிலும் பழி போட ஏலாது.

8 யூலை, திங்கள்

அமாவாசை கழிஞ்சு முட்டை போட்டிருக்குதுகள். ஒண்டு பாக்கியில்லாமல் அடியிலை கிடக்குது.

அவர் வாளியை எட்டிப் பார்த்து, "ஒண்டும் மிதக்கேல்லையோ?" எண்டார். எனக்கு வந்த விசருக்கு அளவில்லை. "நீங்கள் குடுத்த ஆம்பிளையை நீங்களே கொண்டுவந்து தாங்கோ!" எண்டு கத்திப்போட்டன். பக்கத்து மீன்வாடியிலை வலை பொத்தின சனமெல்லாம் திரும்பிப் பார்த்தது. அவர் காலை இழுத்து இழுத்துப் படலையாலை வெளியிலை போயிட்டார்.

19 யூலை

ரண்டு பேருக்கும் இன்னும் கதை பேச்சில்லை. சோத்தைப் போட்டு மூடி வைச்சிட்டுத் தொட்டியடிக்கு வந்திடுவன்.

27 யூலை, சனி

செட்டை கிழிஞ்ச பெரிய பெட்டை மற்றதுகளைக் கலைக்குது. நிறமும் கறுத்து வருது. ஆண் கிடந்த குழாய்ப் பொந்துக்குள்ளை இப்ப அதுதான் கிடக்குது, ஒண்டையும் அண்ட விடுதில்லை.

திட்டத்துப் பயிற்சியிலை எழுதின கொப்பியை எடுத்துப் பார்த்தன். ஆண் இல்லாமல் போனால் பெட்டையளுக்குள்ளை பெரிசு ஆணாகும் எண்டு கிடக்கு. மாதக்கணக்கிலை எடுக்குமாம். இது அதுதானோ?

அவருக்குச் சொல்லேல்லை. சொல்லத்தான் வாசல் மட்டும் போனன், பிறகு திரும்பி வந்திட்டன். கிடந்து கொஞ்சம் வேகட்டும்.

6 ஆகஸ்ட், செவ்வாய்

திரும்பவும் அடியிலைதான். சுபாஸ்கரன் சேர் வந்து பார்த்திட்டுப் போனார். "அக்கா, ஒண்டும் சரிவராது போலை கிடக்கு. கழட்டிறதுக்கு ஆக்களை ஒழுங்கு செய்யட்டோ?" எண்டு கேட்டார். வின்சன்ற் படலையடியிலை நிண்டு கேட்டுக்கொண்டிருந்தவர்.

11 ஆகஸ்ட், ஞாயிறு

வின்சன்றை ஆஸ்பத்திரியிலை விட்டிட்டு வந்து எழுதிறன்.

ஞாயிற்றுக்கிழமை எங்கடை ஆக்கள் ஒருத்தரும் கடலுக்குப் போறேல்லை. அவர் போயிருக்கிறார். நான் பூசைக்குப் போன நேரம் பார்த்து, சிலிண்டரையும் எடுத்துக்கொண்டு, றோயின்ரை வள்ளத்திலை. முந்தி ரண்டு பேரும் சேர்ந்துதான் அட்டைக்குப் போறவை.

றோய் அழுது அழுது சொன்னது: "பாரடிப் பொந்துக்குள்ளை கிடந்த பெரிய கலவாயைக் கட்டிப்பிடிச்சுக்கொண்டு ஒரே மூச்சிலை மேலை வந்திட்டார் அக்கா. நிண்டு நிண்டு வாங்கோ அண்ணை எண்டு எத்தினை தரம் சொல்லி விட்டனான்! மீன் திமிறுது, விட்டால் போயிடும் எண்டு வந்திட்டார்."

வள்ளத்துக்குள்ளை மீனும் அவரும் பக்கத்திலை பக்கத்திலை கிடந்திச்சினம். மீனின்ரை கண் பிதுங்கி, குடல் வாயாலை வந்து நிண்டுது. இடுப்புக்குக் கீழை அவருக்கு ஒரு உணர்ச்சியும் இல்லை. ஒரு மாதமா என்னோடை கதைக்காத மனிசன் கேட்ட முதல் கேள்வி, "மார்கிரட், மீன் உயிரோடையோ?"

ஓம் எண்டன். ஓம், ஓம் எண்டன்.

12 ஆகஸ்ட்

மீனின்ரை வயித்திலை ஊசி குத்தி, ஊதின காத்தை எடுத்துப் பார்த்தன். விடியச் செத்துப்போச்சு. ஆஸ்பத்திரியிலை அவருக்குச் சொல்ல வாய் வரேல்லை.

5 செப்ரெம்பர், வியாழன்

மிதக்குது.

செட்டை கிழிஞ்சதைப் பிடிச்சு வயித்தை அமத்திப் பார்த்தன். பால் மாதிரி வந்துது. ஆம்பிளை. ஒருத்தரும் ஒண்டும் செய்யாமல், அது தன்ரை பாட்டிலை மாறியிருக்கு.

யூலை 27ஐத் திருப்பிப் பார்த்தன். எல்லாம் வடிவா எழுதி வைச்சிருக்கிறன். இந்தக் கொப்பிக்குச் சொன்னன், என்ரை மனிசனுக்குச் சொல்லேல்லை. ஒரு வார்த்தை. "பொறுங்கோ" எண்டு ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் அவர் போயிருப்பாரோ? பாவி நான், நான்தான் அனுப்பினனான்.

28 செப்ரெம்பர், சனி

குஞ்சுகள் தின்னுது. இருவது நாள் தாண்டிட்டுது. சுபாஸ்கரன் சேர் படம் எடுத்துக்கொண்டு போனார், இன்னும் ஒரு வருசம் தொட்டி இஞ்சைதான்.

வாசல் படியை மூடி றோய் பலகை அடிச்சுச் சரிவு போட்டுத் தந்தான். தான் பிடிச்ச மீன் செத்ததும், பெட்டை ஒண்டு ஆணா மாறினதும் அவருக்குப் போன கிழமைதான் சொன்னன். பின்னேரம் அவரைச் சில்லுக் கதிரையோடை தள்ளிக்கொண்டு தொட்டியடிக்கு வந்தன். விளிம்பிலை நாடியை வைச்சுக் கனநேரம் பார்த்துக்கொண்டிருந்தார்.

"உந்தக் கறுப்புத்தானோ ஆம்பிளை?"

"ஓம்."

"உது மாறுதெண்டு உனக்கு எப்ப தெரியும்?"

"இந்த மாசம்தான்" எண்டன். "முட்டை மிதந்தாப் பிறகுதான்."

ஓம் எண்டு தலையாட்டிப்போட்டு, குஞ்சுகளுக்குத் தீனி போடத் தன்ரை கையிலை தரச் சொல்லிக் கேட்டார்.