உளுந்து டப்பாவும் ஒரு கேசட்டும்

அக்கா,

உங்கள் பதினாறாம் நாள் முடிந்து, உங்கள் தங்கை எனக்கு ஒரு பெட்டி கொடுத்தனுப்பினாள். உள்ளே உங்கள் பழைய கேமரா. பதிவாகும்போது எரியும் சிவப்பு விளக்கை மறைக்க நீங்கள் ஒட்டிய ஸ்டிக்கர் பொட்டு இன்னும் விழவில்லை. கூடவே சார்ஜர், ஒரு கேசட். அதை இத்தனை வருடம் பத்திரமாக வைத்திருந்திருக்கிறீர்கள்.

ஒரகடத்தில் கம்பெனி வேலைக்கு வந்த நாங்கள் ஐந்து பெண்கள் ஒரே அறையில் இருந்தோம். மூன்று மாதம் எங்களைப் பற்றி ஆவணப்படம் எடுக்க வந்தீர்கள். ஒரு கேள்வி கேட்டதில்லை. "நீங்க பாட்டுக்கு இருங்கடி, நான் சும்மா குந்திக்கினு கீறேன்" என்று மூலையில் உட்கார்ந்துவிடுவீர்கள். பத்தே நாளில் உங்களை மறந்துபோனோம். அங்கேதான் மாட்டிக்கொண்டேன்.

கல்யாணமான பெண்களை எங்கள் கம்பெனி எடுக்காது. நான் மறைத்துச் சேர்ந்தவள். ஊரில் அவருக்கு வேலையில்லை. என் சம்பளத்தில்தான் எல்லோரும் சாப்பிட்டார்கள். விடிகாலையில் கம்பெனி பஸ்ஸுக்கு முன்னால் தாலியைக் கழற்றி என் உளுந்து டப்பாவுக்குள் புதைத்துவிட்டுப் போவேன். அறையில் யாருக்கும் தெரியாது. எங்களில் ஒருத்தி சூப்பர்வைசருக்குச் சொந்தம் வேறு.

எடுத்ததை எங்களுக்கே முதலில் காட்டுவது உங்கள் வழக்கம். அந்த ஞாயிற்றுக்கிழமை ஐந்து தலைகளும் கேமராவின் சின்னத் திரைமேல் கவிழ்ந்திருந்தன. திரையில் என் முதுகு. என் கை டப்பாவைத் திறக்கிறது.

"காலங்காத்தால உளுந்துல இன்னாடி தேடுற?" என்று அந்தச் சூப்பர்வைசரின் சொந்தக்காரி இன்னும் கிட்டே குனிந்தாள்.

நீங்கள் என் முகத்தைப் பார்த்தீர்கள். பட்டென்று திரையை மூடினீர்கள். "பேட்டரி போச்சுப்பா."

தண்ணீர் லாரி வந்து அவர்கள் குடங்களோடு ஓடியதும் எல்லாவற்றையும் சொன்னேன். "அழிச்சிருங்கக்கா. வேலை போச்சுன்னா எங்க வீடே பட்டினி."

"நான் எடுத்ததுலயே இதான்டி உயிரு" என்றீர்கள் கோபமாக. பிறகு கேசட்டைப் பின்னால் ஓட்டி, லென்ஸுக்கு மூடி போட்டு, பழையதன் மேலேயே இருட்டைப் பதிய விட்டீர்கள். நாலு நிமிடம். வெளியே குடங்கள் மோதும் சத்தம் நெருங்கிக்கொண்டே வந்தது. நான் கதவைப் பார்த்தேன், நீங்கள் கடிகாரத்தை. கதவு தட்டப்பட்டபோது, "ஆச்சு, போய்த் தொற" என்றீர்கள்.

வந்த படத்தில் நான் பஸ் ஏறுகிறேன், அவ்வளவுதான். உங்களுக்கு நன்றிகூடச் சொல்லவில்லை. உங்களைக் கண்டாலே பயந்து ஒதுங்கினேன். இப்போது வெட்கமாக இருக்கிறது, அக்கா.

இன்று கேசட்டை ஓட்டினேன். படம் இல்லை, சத்தம் இருக்கிறது. என் விசும்பல், குடங்கள், உங்கள் "ஆச்சு". நான் கதவைத் திறக்கப் போன பிறகும் நீங்கள் உடனே நிறுத்தவில்லை. அந்த இருட்டில் உங்கள் பெருமூச்சு ஒன்று நீளமாக இருக்கிறது.

"யாரு அழுறது?" என்று அடுப்படியிலிருந்து அவர் கேட்டார். தாலியைக் கழற்றி வைத்துவிட்டு வேலைக்குப் போனது அவருக்கு இன்றுவரை தெரியாது.

"நான்தான். அடுப்பை அணைச்சிட்டு வாங்க" என்று கூப்பிட்டு, கேசட்டை முதலிலிருந்து ஓட்டினேன்.