சுவருக்கு அந்தப் பக்கத்துக் கிறிஸ்துமஸ்

நவம்பர் 14
இன்று காலை ஒன்பது இருபதுக்கு, கிறிஸ்துமஸை இனி டிசம்பர் 25இல் கொண்டாடுவதென்று முடிவெடுத்தேன். அறுபத்தாறு வருடமாக, மாஸ்கோவுக்குக் கட்டுப்பட்ட பழைய கோயில் கணக்கில், ஜனவரி 7. ருமேனியாவைச் சேர்ந்த புதிய கோயிலின் பாதிரியார் என் கையைக் குலுக்கினார். மால்டோவாவின் வரலாறு இந்த இடத்தில் திரும்பியிருக்க வேண்டும். மழைதான் பெய்தது.

நவம்பர் 15
புரோஃபிரா அக்காவிடம் சொன்னேன். அப்பா கட்டிய வீட்டில் நடுச்சுவருக்கு அந்தப் பக்கம் அவள், இந்தப் பக்கம் நான்.
"அப்பா கொண்டாடின நாளு உனக்கு ஆகாமப் போச்சா? யாருடா உன்னை வாங்கினது, ருமேனியாக்காரனா?"
"உன்னை மாஸ்கோக்காரன் வாங்கின மாதிரியா?" என்றேன்.
முப்பத்தெட்டு வருடம் பூகோளம் கற்பித்தவன் நான். எந்தத் தலைநகரத்துக்கும் எங்கள் இருவராலும் என்ன பயன் என்று யோசிக்கவில்லை.

டிசம்பர் 3
பேச்சில்லை.

டிசம்பர் 11
அக்கா மாறிவிட்டாள். போன மாதம்வரை சிக்கனக்காரி, இப்போது கஞ்சம். அப்போது பக்தி, இப்போது வேஷம். செய்வதெல்லாம் பழையபடியேதான்.
எதிர்வீட்டு அங்கெலினா சொன்னாள்: "அவங்களும் உங்களை இதேதான் சொல்றாங்க வாத்தியாரே. வார்த்தைகூட மாறல."

டிசம்பர் 25
மதியம் விருந்து. ஆறு பேர். முட்டைக்கோசு இலையில் பொதிந்த பன்றிக்கறி, ஒயின். பாட்டு தொடங்கியதும் அக்கா சுவரைத் தட்டினாள். அவளுக்கு இன்னும் பதின்மூன்று நாள் நோன்பு; கறியும் கூத்தும் ஆகாது.
"உங்க அக்கா தாளம் போடுறாங்கய்யா!" என்றான் விருந்துக்கு வந்த ஈலியே. சிரித்தோம். நான் இன்னும் உரக்கப் பாடினேன். மூன்று மணிவரை விட்டு விட்டுத் தட்டினாள். நான் விட்டுக்கொடுக்கவில்லை. பிறகு அவளே நிறுத்திவிட்டாள்.

டிசம்பர் 26
காலையில் அங்கெலினா அக்காவுக்கு ரொட்டி கொடுக்கப் போய்ப் பார்த்திருக்கிறாள். சுவரோரம், தரையில். இடுப்பெலும்பு முறிவு. நேற்று மதியத்திலிருந்து. கையில் மரக்கரண்டி.
கத்திக் கூப்பிட்டிருக்கலாமே — கூப்பிட்டிருப்பா. எங்க பாட்டுல யாருக்குக் கேக்கும்?

டிசம்பர் 29
ஆஸ்பத்திரி. ஆரஞ்சு கொண்டுபோனேன்; நோன்புக்கு ஆகும். அக்கா கூரையைப் பார்த்தபடி கேட்டாள்.
"தட்டினது கேட்டுச்சாடா, கவ்ரில்?"
"கேட்டுச்சு."
"என்னன்னு நெனச்சே?"
சொன்னேன். ஆரஞ்சை எடுத்துக்கொண்டு போகச் சொன்னாள்.

ஜனவரி 7
பழைய கோயில் மணி அடித்தது. வீட்டில் இருந்தேன்.

பிப்ரவரி 11
அக்காவின் மகள் இத்தாலியிலிருந்து வந்து அவளைக் கூட்டிக்கொண்டு போய்விட்டாள். சுவருக்கு அந்தப் பக்கத்துச் சாவி அங்கெலினாவிடம் இருக்கிறது.