கதவு திறக்க இரண்டு சாவி

நாள் 112 — 09:10
நிலாத் தென்முனை, பனிச்சுரங்க நிலையம். எழுதுவது உயிர்க்காப்புப் பொறியாளர் ஜெசிந்தா. காற்றழுத்தம் சரி. மூன்றாம் சுரங்கக் கூரையில் விரிசல். தாங்குதூண்கள் வரும்வரை மூடிவைக்க அதிகாரிகள் ஐந்து பேரும் கைதூக்கி முடிவெடுத்தோம். முதலில் உயர்ந்தது தலைமை மேலாளர் சபாபதியின் கை.

நாள் 112 — 14:25
மூன்றாம் கதவு திறந்திருக்கிறது. உள்ளே ஒப்பந்தத் தொழிலாளி இசக்கி, துளைக் கருவியோடு. வானொலியில் கத்தினேன்.

"நான் என்ன செய்ய மேடம்? சார் தனியா கூப்ட்டு, 'கூட்டம் அது பாட்டுக்கு நடக்கும், நீ ரெண்டு மணி நேரம் ஓட்டு'ன்னாரு. மாட்டேன்னா அடுத்த கப்பல்ல ஏத்திருவாரு. கை தூக்க நீங்க இருக்கீக. எங்களுக்கு அங்க நாற்காலியே கெடையாதுல்லா."

வெளியே வரவழைத்தேன். சபாபதியைக் கேட்டேன். "ஏம்மா, நானுந்தானே கை தூக்கினேன்?"

நாள் 113 — 10:00
புது விதி கொண்டுவந்தேன். அதிகாரிகளுக்கு ஆளுக்கொரு சாவி. கதவு திறக்க இரண்டு வேண்டும். ஏகமனதாக ஏற்பு. சபாபதி என்னைப் பாராட்டினார்.

நாள் 115 — 11:40
கதவு மறுபடி திறந்திருக்கிறது. வானொலியில் வெளியே கூப்பிட்டேன்; துளைக் கருவி இரைச்சல்தான் கேட்டது. சாவிகள்: சபாபதி, கிடங்கு அதிகாரி ராஜகுமாரி. அவளைக் கேட்டேன்.

"டீ குடிக்கக் கூப்பிட்டாருடி. ஒரு தடவதான்னாரு. மூஞ்சிக்கு நேரா எப்பிடி முடியாதுங்கறது?"

இவ்வளவு தூரம் பறந்து வந்தும் இந்தப் புத்தி.

11:52
கூரை விழுந்தது. கதவு தானாகப் பூட்டிக்கொண்டது. இசக்கி உள்ளே.

12:05
"கால் மாட்டிக்கிட்டு தாயி. காத்து ஒண்ணேகால் மணி நேரம் காட்டுது. ஒப்பந்தம் நீட்டித் தாரேன்னாரு சார். எம்புட்டு நேரத்துக்குன்னு கேட்டு வையுங்க."

சிரிக்கிறார். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

12:20
அவசரக் கூட்டம். உடனே திறந்து மீட்பது. ஐந்து கைகள். ஐந்து கையெழுத்துகள்.

12:38
விண்ணுடையில் கதவருகே நிற்கிறேன். என் சாவி துளையில். இன்னொன்று வரவில்லை. வானொலியில் ராஜகுமாரி:

"ஒவ்வொருத்தரா ரூமுக்குக் கூப்பிடறாரு ஜெசி. கதவத் திறந்தா மொத்த நிலையத்துக்கும் ஆபத்தாம். இப்ப என் முறை. பேசிட்டு வந்துடறேன்."

12:57
அவள் வானொலி அணைந்திருக்கிறது. மற்ற இருவருடையதும். கடப்பாரையால் கதவை இடித்தேன். கீறல்கூட இல்லை.

13:17
"தாயி, கூட்டம் முடிஞ்சிட்டா?"

முடிந்துவிட்டது என்றேன்.

"என்ன சொன்னாவ?"

உங்களைக் காப்பாற்ற எல்லோரும் கைதூக்கினோம் என்றேன். அதற்குப் பிறகு அவர் வானொலியில் மூச்சொலிகூட வரவில்லை.