பிளேபுக்கை எடுத்துட்டு வாங்க

சான் ரமோன் ஹோட்டலில் அறைக் கதவைத் திறந்ததும் அந்த வாசனை. ஈரக் கம்பளமும் கருகிய வாஃபிளும். காலை. நடைவழி நெடுக மூடிய கதவுகள். எந்தக் கதவுக்கு என்னை அனுப்பியிருக்கிறீர்கள் என்று ஒரு கணம் தேடினேன்.

கோச், தமிழில் எழுதுகிறேன். நீங்கள் பேசிய ஆங்கிலம் எனக்குள் எப்போதோ தமிழாகிவிட்டது.

தொண்ணூறுகளின் நடுவில் கனடாவின் ஃபுட்பால் டெக்சாஸுக்கு வந்தது. அதனுடன் நீங்களும். பந்தை ஏந்தி ஓடும் அதே ஆட்டம்தான். மைதானம் கொஞ்சம் பெரிது. பத்து கஜம் முன்னேற அமெரிக்கர்களுக்கு நான்கு முயற்சி, உங்களுக்கு மூன்று. "நாலாவது சான்ஸ் கேக்கறவன் முதல் மூணுலயும் தூங்கினவன்" என்பீர்கள். டெக்சாஸ்காரர்கள் சிரிக்கவில்லை. நான் எம்.எஸ். முடித்துவிட்டு அணியின் ஆட்ட வீடியோக்களைக் கம்ப்யூட்டரில் ஏற்ற வந்தவன். என் பெயர் உங்கள் வாயில் நுழையவில்லை. 'கிட்' என்றீர்கள்.

பயிற்சி முகாமில் இன்னொரு வேலையும் கொடுத்தீர்கள். நீக்கப்படும் ஆட்டக்காரரின் அறைக் கதவைக் காலையில் தட்ட வேண்டும். "கோச் கூப்பிடறார். பிளேபுக்கை எடுத்துட்டு வாங்க." ஆட்டத் திட்டங்கள் அடங்கிய தடித்த கோப்பு அது. அதைத் திருப்பிக் கேட்டால் அணியில் இடமில்லை என்று பொருள். எல்லா அணிகளிலும் இதே சொற்கள்தானாம். வேறெதுவும் சொல்லக் கூடாது.

"ஏன் நான்?"

"முகம் தெரியாதவன் தட்டினா வலி கம்மி, கிட்."

சீக்கிரமே எல்லோருக்கும் முகம் தெரிந்துவிட்டது. நான் லிஃப்டில் ஏறினால் அவர்கள் இறங்கினார்கள். சாப்பாட்டு மேசையில் என்னைச் சுற்றி நாற்காலிகள் காலியாகின. என்னைப் போல் இரண்டு மடங்கு இருந்த ஒருவன் கதவுச் சங்கிலியை எடுக்காமலே, "ராங் ரூம், சார்" என்று கெஞ்சினான்.

டெக்சாஸில் நான் தங்கியிருந்த அபார்ட்மென்டில் என் அறைத்தோழன் செந்தில், ஈரோட்டுக்காரன், கேட்டான்: "ஏன்டா, எமதூதன் வேலைக்கெல்லாமா ஹெச்-ஒன் விசா ஸ்பான்ஸர் பண்றாங்க? எருமை கம்பெனி குடுக்குமா, நீயே லீஸ் பண்ணிக்கோணுமா?"

அதை உங்களிடம் சொன்னேன். நீங்கள் சிரிக்கவில்லை. இளம் வயதில் உங்களையும் ஓர் அணி நீக்கியதைச் சொன்னீர்கள். "தட்டினவன் முகம் மறந்துபோச்சு. சத்தம் மறக்கல. பாதித் தூக்கத்துல கிடந்தேன். எழுப்பி அனுப்பினாங்க. அடுத்த தடவை நான் நின்னுட்டிருக்கணும்."

அடுத்த பருவத்தில் உங்களைப் பொது மேலாளர் ஆக்கினார்கள். விசிலைக் கழற்றிவிட்டு டை கட்டினீர்கள். பயிற்சி இன்னொருவருக்கு, யார் இருப்பது, யார் போவது என்பது உங்களுக்கு. அப்போதும் எல்லோரும் உங்களைக் கோச் என்றுதான் கூப்பிட்டார்கள். அப்போதுதான் கேட்க ஆரம்பித்தீர்கள்.

"காலையில என் கதவைத் தட்டினியா?"

"இல்ல, கோச்."

"சரி."

மறு வாரமும் கேட்டீர்கள். அதற்கடுத்த வாரமும். ஒவ்வொரு முறையும் என் விரல் முட்டிகளைப் பார்த்தீர்கள்.

அரங்கில் கூட்டம் குறைந்துகொண்டே போனது. ஒரு காலை அணியின் உரிமையாளர் என்னை அழைத்தார். "எப்படிச் செய்யணும்னு உனக்குத் தெரியுமே" என்றார். யாரை என்று கேட்க வேண்டியிருக்கவில்லை.

அணி தங்கியிருந்த ஹோட்டலில், நடைவழியின் கடைசி அறை. கையைத் தூக்கினேன். தட்டவில்லை. இதை உறுதியாகச் சொல்வேன்.

"ஒரு தடவை போதும், கிட். வரேன்."

கதவு திறந்தது. சவரம் செய்த முகம். டை. கக்கத்தில் பிளேபுக். மேலாளருக்குப் பிளேபுக் கிடையாது. அது நீங்கள் கோச்சாக இருந்த பருவத்தினுடையது. உங்களுக்குப் பின்னால் படுக்கை கலையாமல் கிடந்தது.

"இன்னிக்கு நிஜமாவே நீதானா?"

எனக்கு முன்னால் நடந்தீர்கள். எதிரே வந்தவர்கள் நீங்கள்தான் என்னைக் கூட்டிப்போவதாக எண்ணி என்னைப் பார்த்துப் பரிதாபப்பட்டார்கள்.

போன குளிர்காலத்தில், கனடாவிலிருந்து உங்கள் மனைவி போன் செய்தார்.

"காலையில காபி குடிச்சிட்டிருந்தார். 'யாரோ தட்டறாங்க'ன்னார். எனக்கு எதுவும் கேக்கல. உள்ள போய் டை கட்டிட்டு வந்தார். வீட்ல, டை! கதவைத் திறந்து பிடிச்சுக்கிட்டு, 'வா கிட், நான் ரெடி'ன்னார். அதுக்கப்புறம்தான் சரிஞ்சார், எழுந்திருக்கவே இல்ல. பைத்தியம்னு நினைச்சுக்காதே. அன்னிக்கு நீ எங்க இருந்தே?"

"டெக்சாஸ்லதான்."

"தெரியும். கேக்கணும் போல இருந்தது." வாசல் பனியில் ஒரு தடமும் இல்லை என்று, நான் கேட்காமலே சொன்னார்.

அந்தக் காலை நான் டெக்சாஸின் பேர்லேண்டில், என் வீட்டில் தூங்கிக்கொண்டிருந்தேன். விழித்தபோது வலது கை விரல் முட்டிகள் மட்டும் சில்லிட்டிருந்தன. அவரிடம் இதைச் சொல்லவில்லை.

இப்போது என் கம்பெனி ஆட்களைக் குறைக்கிறது. நேரில் சொல்வதற்கு என்னைத்தான் இந்த சான் ரமோன் கிளைக்கு அனுப்பியிருக்கிறார்கள். இந்த அலுவலகத்தில் கதவுகள் இல்லை. தோளுயரத் தடுப்புகள் மட்டும். நேற்று அவற்றினூடே சாவிக்கொத்தைக் குலுக்கிக்கொண்டே நடந்தேன். யாரும் குனிந்திருக்கும்போது நான் போய் நிற்கக் கூடாது. எழுந்துகொள்ள அவர்களுக்கு ஒரு கணம் கிடைக்க வேண்டும். உங்களிடமிருந்து நான் எடுத்து வந்தது இவ்வளவுதான்.

முதல் தடுப்புக்குள் ஒரு தமிழ்ப் பெண். திரையை அணைத்துவிட்டிருந்தாள்.

"வாங்க. உட்காந்து கேக்கணுமா, நின்னுக்கிட்டா?"

"உங்க இஷ்டம்ங்க."

பையைத் தோளில் மாட்டிக்கொண்டு நின்றாள்.

இன்றைக்கு அடுத்த வரிசை. சாவிக்கொத்தை எடுத்துக்கொண்டேன், கோச்.